இரண்டு பேருக்காக ஓடியவர்

மொன்றியலில் இருக்கிற யாழ்ப்பாணத்து ஆண்களில் உதைபந்தாட்டம் ஆடாத ஒருவரை யாராவது எனக்குக் காட்டினால் அவரை வீட்டுக்கு அழைத்து விருந்து வைப்பேன். இதுவரை அப்படி ஒருவர் அகப்படவில்லை. எல்லோரும் ஆடியவர்கள். எல்லோரும் தேசிய அணிக்குத் தெரிவாக இருந்தவர்கள். கடைசி நேரத்தில் ஒருவருக்குக் காய்ச்சல் வந்துவிட்டது, ஒருவருக்கு ஊரடங்குச் சட்டம் வந்துவிட்டது, இன்னொருவருக்குத் தெரிவுக்குழு ஓரவஞ்சனை செய்துவிட்டது. என் கணவருக்கு இந்த மூன்றும் ஒரே கிழமையில் நடந்தனவாம். கலியாணமான புதிதில் நான் இதை நம்பினேன். பிறகு ஒரு கோடையில், பார்க்கில், தன்னிடம் உருண்டு வந்த பந்தை அவர் உதைக்கப் போய்ச் செருப்பை உதைத்ததைக் கண்ணால் கண்டேன். செருப்பு ஒரு கிரேக்கக் குடும்பத்தின் சாப்பாட்டுக்குள் போய் விழுந்தது. மன்னிப்புக் கேட்டு அதை எடுத்து வந்தது நான்தான்.

அதனால் பக்கத்து வீட்டுக் கிழவர் தானும் ஒரு காலத்தில் உதைபந்தாட்டக்காரன் என்று சொன்னபோது எனக்கு ஆச்சரியமும் வரவில்லை, மரியாதையும் வரவில்லை. இன்னொன்று வந்து சேர்ந்துவிட்டது என்றுதான் நினைத்தேன்.

பக்கத்து வீடு என்றேனே, அந்தக் கதையையும் சொல்லிவிடுகிறேன். பார்க் எக்ஸ்டென்ஷனில் மூன்றாம் மாடியில் நாங்கள் நன்றாகத்தான் இருந்தோம். கீழே இறங்கினால் கறிவேப்பிலை, தெருவைக் கடந்தால் மெத்ரோ. ஆனால் என் கணவரின் பழைய மாணவர் சங்கத்தில் இருந்தவர்கள் ஒவ்வொருவராகத் தனிவீடு வாங்கத் தொடங்கினார்கள். சங்கத்தின் செயலாளர் மாடிக் குடியிருப்பில் இருப்பது சங்கத்துக்கே அவமானம் என்று இவருக்குத் தோன்றிவிட்டது. தேடித்தேடி நகரத்தின் ஒதுக்குப்புறத்தில், இல்-பிசார் தீவில் ஒரு வீட்டைப் பிடித்தார். மரம் இருக்கிறது, மான் வருகிறது, ஆற்றுக் காற்று வீசுகிறது. பஸ்தான் வருவதில்லை. நான் பார்க் எக்ஸ்டென்ஷனில் ஒரு பல் வைத்தியரின் வரவேற்பு மேசையில் வேலை செய்கிறேன். மான் பார்த்துக்கொண்டு தரிப்பிடத்தில் நின்று விறைப்பது நான். காரில் போய் வருவது அவர்.

முதல் கோடையில் வேலியோரம் பாவற்கொடி போட்டேன். அது வேலியைத் தாண்டிக் கிழவரின் பக்கம் காய்த்து, பழுத்து, வெடித்தது. ஒருநாள் அவர் எங்கள் கதவைத் தட்டினார். தொண்ணூறு தாண்டிய உயரமான மனிதர், ஒரு கால் மடங்காது, நடைவண்டியைத் தள்ளிக்கொண்டு வந்திருந்தார். அதன் கூடைக்குள் ஒரு பத்திரிகைத் தாள், அதற்குள் வெடித்த பாவற்பழம். "இது ஆபத்தான சாமானா?" என்று ஆங்கிலத்தில் கேட்டார். அவர் பேசியதெல்லாம் ஆங்கிலம்தான். நான் அதை என் தமிழில் எழுதுகிறேன். கியூபெக்காரப் பெண்ணைக் கட்டி அறுபது வருஷத்துக்கு மேல் இங்கே இருந்தும், "போன்ஜூர்", "மெர்சி" இரண்டையும் தவிர வேறு பிரெஞ்சு அவருக்கு வராது. இந்த விஷயத்தில் அவரும் என் கணவரும் சகோதரங்கள். மனைவி இறந்துவிட்டார். மகன் மேற்கே எங்கோ இருக்கிறான், ஞாயிற்றுக்கிழமைகளில் தொலைபேசியில் வந்து வீட்டை விற்கச் சொல்வான்.

தேத்தண்ணி கொடுத்தேன். குடித்துக்கொண்டே தான் அயர்லாந்துக்காக உதைபந்தாட்டம் ஆடியதாகச் சொன்னார். நான் முகத்தை நேராக வைத்துக்கொண்டு, "அப்படியா, மிகவும் திறமையாக ஆடியிருப்பீர்களே" என்றேன்.

"இல்லை," என்றார். "நான் சுமார்தான். ஒரேயொரு தடவைதான் கூப்பிட்டார்கள். அதிலும் தோற்றோம்."

நான் கேத்திலை வைத்துவிட்டு அவரைத் திரும்பிப் பார்த்தேன். நான் சுமார்தான் என்று சொன்ன முதல் உதைபந்தாட்டக்காரரை அன்றுதான் என் வாழ்க்கையில் கண்டேன். உட்கார்ந்து கதை கேட்டேன்.

அதன்பிறகு சனிக்கிழமைகளில் அவர் வருவார். வீட்டில் என்ன பலகாரம் இருக்கிறதோ அதைச் சாப்பிடுவார். கதை கொஞ்சம் கொஞ்சமாக வந்தது. தகப்பன் துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். இவர் மீசை அரும்பும் வயதில் கப்பலேறி இங்கிலாந்துக்குப் போய், வடக்கே ஆலைகளின் புகைக்குள் இருந்த ஒரு நகரத்துக் கழகத்தில் சேர்ந்தார். இந்தக் காலத்து ஆட்டக்காரர்கள் மாதிரி மாளிகையும் காரும் இல்லை. ஒரு விதவையின் வீட்டில் ஒரு அறை, அதையும் இன்னொரு ஆட்டக்காரனோடு பகிர வேண்டும். ஆட்டத்துக்குப் போகும் பஸ்ஸில் பார்க்க வருகிற சனமும் கூடவே வரும். முந்தின சனி மோசமாக ஆடியிருந்தால் பஸ்ஸிலேயே வாங்கிக் கட்டலாம். கோடையில் ஆட்டம் இல்லை, செங்கல் சூளையில் வேலை. மழையில் பந்து தண்ணீரைக் குடித்துப் பாரமாகிவிடும், அதைத் தலையால் முட்டினால் இரவெல்லாம் தலையிடி. இதையெல்லாம் அவர் பெருமையாகவும் சொல்லவில்லை, அழுதுகொண்டும் சொல்லவில்லை. பஸ் வரவில்லை என்று நான் சொல்வது மாதிரித்தான் சொன்னார்.

அந்த அறையைப் பகிர்ந்த மற்றவரும் அயர்லாந்துக்காரர். அவரைப் பற்றிப் பேசும்போது மட்டும் கிழவரின் குரல் மாறும். இருவரும் ஒரே கழகத்தில், நடுவரிசையில், பக்கத்துப் பக்கத்தில் ஆடினார்கள். இருவரையும் ஒரே ஆட்டத்துக்கு நாட்டின் அணிக்குக் கூப்பிட்டார்கள்.

கூப்பிட்டது யார் தெரியுமா? பயிற்சியாளர் இல்லை. ஒரு கமிட்டி. நீண்ட கோட்டுப் போட்ட பெரிய மனிதர்கள் சிலர் ஒரு மேசையைச் சுற்றி இருந்து, யார் ஆடுவது என்று வாக்கெடுத்து முடிவு செய்வார்களாம். வெளிநாட்டு ஆட்டத்துக்குப் போகும்போது கமிட்டிக்கு நல்ல ஹோட்டல், ஆட்டக்காரர்களுக்கு மலிவு ஹோட்டல். இதைக் கேட்டதும் எனக்கு அயர்லாந்து முழுவதும் கண் முன்னே வந்துவிட்டது. கமிட்டிகளைப் பற்றி எனக்கு யாரும் பாடம் எடுக்கத் தேவையில்லை. ஊரில் ஒரு பள்ளிக்கூடம், அதற்கு மொன்றியலில் மூன்று பழைய மாணவர் சங்கம். மூன்றுக்கும் தலைவர், உபதலைவர், போசகர். ஒரு சங்கத்துக்காரன் மற்றச் சங்கத்துக்காரனின் செத்தவீட்டுக்கும் போகமாட்டான்.

அந்த ஆட்டம் ஐரோப்பாவில் ஏதோ ஒரு நகரத்தில், கொட்டும் மழையில் நடந்தது. அரை மணித்தியாலம் ஆகும் முன்பே கிழவரின் முழங்கால் முறுகிவிட்டது. அந்தக் காலத்தில் ஒருவருக்குக் காயம் பட்டால் பதில் ஆள் இறக்க முடியாது, அதுதான் சட்டம். வெளியே வந்தால் அணியில் பத்துப் பேர்தான். அதனால் காயம்பட்டவனைக் கோட்டோரம் அனுப்பிவிடுவார்கள். அவன் நொண்டிக்கொண்டு நிற்க வேண்டும், எதிரணியில் ஒருவனாவது அவனைக் கவனிக்க வேண்டிவருமே என்பதற்காக. கிழவர் மீதி ஆட்டம் முழுவதும் அப்படி நின்றார். அவருடைய இடத்தையும் தன் இடத்தையும் சேர்த்து ஓடியது அந்த நண்பர். இரண்டு பேருக்காக ஓடினார். கடைசியில் கால் சோர்ந்த நேரத்தில் ஒருவன் அவரைத் தாண்டிப் போய்க் கோல் அடித்துவிட்டான். அந்த ஒரு கோலில் தோற்றார்கள்.

"அடுத்த நாள் பேப்பரில் என்னை வீரன் என்று போட்டார்கள்," என்றார் கிழவர். "நொண்டிக்கொண்டு நின்றதற்கு. அவன் நித்திரை கொண்டுவிட்டான் என்று போட்டார்கள்."

கோட்டுப் போட்டவர்கள் பிறகு இருவரையும் கூப்பிடவில்லை. இவருக்கு முழங்காலைக் கிழித்து உள்ளே இருந்த எதையோ எடுத்தார்கள். கழகம் கைகுலுக்கி அனுப்பிவிட்டது. கப்பலேறி மொன்றியலுக்கு வந்து ரயில் பெட்டி திருத்தும் இடத்தில் வேலைக்குச் சேர்ந்தார். நண்பர் ஊருக்குத் திரும்பிப் போய் பஸ் கண்டக்டர் ஆனார். பஸ்ஸில் ஏறுகிறவன் எல்லாம், "தரிப்பிடம் வந்தால் எழுப்பிவிடு, நீ நித்திரை கொண்டுவிடாதே" என்று பகிடி விடுவானாம். நாற்பது சொச்ச வயதிலேயே செத்துப்போனார். செத்தவீட்டுக்குப் போகக் கிழவருக்கு வசதி இல்லை. அந்த ஆட்டத்தில் ஆடிய மற்றவர்களும் இப்போது இல்லை. இவர் ஒருவர்தான் மிச்சம்.

"ஒரு ஆசைதான் இருக்கிறது," என்றார் ஒரு சனிக்கிழமை. "ஒரு மைதானத்தில், ஆட்டம் தொடங்க முன்னம், அவனுடைய பெயரை யாராவது ஒருமுறை சொல்ல வேண்டும். நித்திரை என்று இல்லாமல். நான் போய்விட்டால் அதைச் சொல்ல வேண்டும் என்று நினைக்கக்கூட ஆள் இல்லை."

எனக்கு உதைபந்தாட்டம் பிடிக்காது. ஆனால் அன்று எனக்குக் கோபம் வந்தது. அயர்லாந்து முழுவதன் மேலும் கோபம் வந்தது.

இனி எங்கள் சங்கத்தின் கதை. ஒவ்வொரு கோடையிலும் ஒரு உதைபந்தாட்டச் சுற்றுப்போட்டி வைப்பார்கள். போட்டி என்பது சாட்டு. முக்கியமானது பிரதம விருந்தினர், விளக்கேற்றல், மாலை, பொன்னாடை, பேச்சு. பேச்சு முடிந்து மிச்ச நேரம் இருந்தால் பிள்ளைகள் பந்து உதைக்கலாம். அந்த வருஷம் போட்டிச் சங்கம் ஒரு நாடாளுமன்ற உறுப்பினரைப் பிரதம விருந்தினராகப் பிடித்துவிட்டது. பார்க் எக்ஸ்டென்ஷன் மைதானத்தையும் முந்திப் பதிவு செய்துவிட்டது. எங்கள் தலைவருக்கு நித்திரை போய்விட்டது. வழமையாக எங்களுக்கு வருவது வீடு விற்கிற முகவர்கள். அவர்களை வைத்து நாடாளுமன்றத்தை வெல்ல முடியாது.

என் கணவர் சும்மா இருக்கமாட்டாமல் பக்கத்து வீட்டுக் கிழவரைப் பற்றித் தலைவரிடம் சொல்லிவிட்டார். தலைவர் துள்ளிவிட்டார். அயர்லாந்து, தேசிய அணி, வெள்ளைக்காரர். இதற்கு மேல் அவருக்கு எதுவும் தெரிய வேண்டியிருக்கவில்லை. மறுநாளே "உலகக் கிண்ண நாயகன்" என்று பதாகை அடிக்கக் கொடுத்தாயிற்று. கிழவர் உலகக் கிண்ணத்தைத் தொலைக்காட்சியில்தான் கண்டவர்.

கிழவரிடம் நான்தான் போய்க் கேட்டேன். அவர் யோசித்துவிட்டு ஒரே ஒரு நிபந்தனை வைத்தார். தன்னைப் பற்றி எதுவும் பேச வேண்டாம், நண்பரைப் பற்றிச் சொல்ல வேண்டும், ஆட்டம் தொடங்க முன்னம் அவர் பெயரைச் சொல்ல வேண்டும். பெயரை எனக்கு இரண்டு தரம் சொல்லிக் காட்டினார். ஒரு படமும் தந்தார். இரண்டு இளம் ஆட்டக்காரர்கள் தோளில் கை போட்டுக்கொண்டு நிற்கிற படம். வலது பக்கம் இவர், இடது பக்கம் நண்பர்.

நான் தலைவருக்குத் தொலைபேசி எடுத்து விஷயத்தைச் சொன்னேன். அவர் என்னைவிட மூத்தவர், என்னைத் தங்கச்சி என்றுதான் கூப்பிடுவார்.

"தோத்த கதை எதுக்குத் தங்கச்சி?" என்றார். "நாங்கள் ஊர்ச் சண்டையிலை தோத்தது போதாதே?"

"அண்ணை, அந்த மனுசன் அதுக்குத்தான் வாறார். இல்லாட்டி வரமாட்டார்."

"ஓம் ஓம், அதைப் பேந்து பாப்பம். ஆளை வெள்ளைச் சேட்டோட கூட்டிக்கொண்டு வாரும்."

பேந்து என்றால் பிறகு. எங்கள் ஆட்களிடம் அதற்கு ஒருபோதும் இல்லை என்று அர்த்தம். எனக்குத் தெரியும். இருந்தாலும் கூட்டிக்கொண்டு போனேன், ஏனென்றால் கிழவர் தன் கோட்டைத் தானே அயர்ன் பண்ணி வைத்துக்கொண்டு விடியற்காலையிலிருந்து வாசலில் காத்திருந்தார்.

போட்டி ஆற்றுக்கு அக்கரையில், புரோசார்ட்டில். என் கணவர் முந்தியே வானில் சாமான்களோடு போய்விட்டார். நான் கிழவரைக் காரில் ஏற்றிக்கொண்டு போனேன். பாலத்தில் நெரிசல். நாங்கள் போய்ச் சேர்ந்தபோது கூடாரம் எழுந்து, கொத்துரொட்டித் தட்டு சத்தம் போட்டுக்கொண்டிருந்தது. பெடியன்கள் தங்களுக்குள் பிரெஞ்சில் கத்திக்கொண்டு ஓடித் திரிந்தார்கள். கிழவரைக் கூடாரத்தின் நிழலில் கதிரையில் இருத்திவிட்டு மேடைப் பக்கம் பார்த்தேன்.

மேசையில் குத்துவிளக்கு எரிந்துகொண்டிருந்தது. அதற்குப் பின்னால் கிழவர் தந்த படம், பெரிதாக்கிச் சட்டம் போட்டு. அந்தப் படத்தில் ஒரு பூமாலை. முன்னால் ஊதுபத்தி. சனம் வரிசையாக வந்து, தட்டிலிருந்து பூ எடுத்துப் போட்டு, கையெடுத்துக் கும்பிட்டுவிட்டுக் கொத்துரொட்டிப் பக்கம் போய்க்கொண்டிருந்தது.

எங்கள் ஆட்களுக்கு விளக்கம் எதுவும் தேவையில்லை. படத்துக்கு மாலை விழுந்தால் ஆள் இல்லை. யார், எவர், எப்போது என்று ஒருவரும் கேட்கமாட்டார்கள். வெள்ளைக்காரரோ கறுப்போ, பூவைப் போட்டுக் கும்பிட்டுவிடுவார்கள். எனக்குப் பக்கத்தில் நின்ற ஒரு மனுசி கிழவரைக் கண்ணால் காட்டி, "ஆர் உந்த வெள்ளைக்காரர்? செத்தவரின்ரை தம்பியோ?" என்று என் காதுக்குள் கேட்டார்.

நான் என் கணவரைத் தேடிப் பிடித்தேன். "இஞ்சாருங்கோ, என்ன வேலை பாத்து வைச்சிருக்கிறியள்?"

"என்ன?"

"படத்துக்கு ஏன் மாலை போட்டனீங்கள்?"

"போடேல்லை, கொழுவி விட்டனான். கிழவரின்ரை கழுத்திலை போட வாங்கின மாலை. வானுக்கை கிடந்து நசிஞ்சு போகுமெண்டு படத்திலை கொழுவினனான். உதுக்கேன் கத்துறீர்?"

இவ்வளவுதான் நடந்தது. மாலை நசியக்கூடாது என்ற அக்கறையில் என் கணவர் ஒரு மனிதரைச் சாகடித்துவிட்டார். ஊதுபத்தி கொளுத்தியது யார் என்று இன்றுவரை தெரியாது. மாலையைக் கண்டதும் யாரோ ஒரு நல்ல மனம் தன் பாட்டில் கொளுத்தியிருக்கும்.

அதைக் கழற்றச் சொல்லி நான் வாய் திறக்க முன்னம் தலைவர் வந்துவிட்டார். அவர் ஒரு சனிக்கிழமையில் மூன்று நிகழ்ச்சிக்குப் போகிற மனிதர். அன்று ஒரு அரங்கேற்றத்திலிருந்து நேரே வந்திருந்தார், பட்டு வேட்டி கசங்காமல். அவரிடம் மூன்று பேச்சு இருக்கிறது. கலியாணத்துக்கு ஒன்று, அரங்கேற்றத்துக்கு ஒன்று, செத்தவீட்டுக்கு ஒன்று. ஒலிவாங்கியைக் கையில் எடுத்தார். மேசையைப் பார்த்தார், மாலையைப் பார்த்தார், விளக்கைப் பார்த்தார். மூன்றாவதைத் தெரிவு செய்தார்.

"அன்பான தமிழ் உறவுகளே! உலக உதைபந்தாட்ட வானில் சுடர்விட்ட ஒரு விண்மீன் இன்று எம்மிடையே இல்லை..."

தன் வாயாலேயே கூட்டிவரச் சொன்ன பிரதம விருந்தினர் செத்துப்போனார் என்பதில் அவருக்குத் துளிகூடச் சந்தேகம் வரவில்லை. யாரையும் கேட்கவுமில்லை. வாய் தன் பாட்டில் ஓடியது. அன்னாரின் இழப்பு ஈடுசெய்ய முடியாதது என்றார். அன்னாரின் குடும்பத்தாருக்கு ஆழ்ந்த அனுதாபம் என்றார். பிறகு இரண்டு அணிகளையும் மைதானத்தின் நடுவுக்கு வரச் சொல்லி, எல்லோரும் எழுந்து ஒரு நிமிட அகவணக்கம் செலுத்துவோம் என்றார்.

எங்கள் சனத்துக்கு வேறு எது வராவிட்டாலும் இது வரும். சொன்ன உடனே எல்லோரும் எழும்பிவிட்டார்கள். கொத்துரொட்டித் தட்டின் சத்தம் நின்றது. பெடியன்கள் நடு வட்டத்தைச் சுற்றித் தலையைக் குனிந்துகொண்டு நின்றார்கள். நடுவர் விசிலைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றார். குழந்தைகள்கூட வாய் பொத்தின.

நான் கிழவரிடம் ஓடினேன். அவர் நடைவண்டியைப் பிடித்துக்கொண்டு ஏற்கனவே எழுந்து நின்றார். தொப்பியைக் கழற்றியிருந்தார். தமிழ் விளங்காவிட்டாலும் ஆட்டம் தொடங்க முன்னம் நடு வட்டத்தில் தலைகுனிந்து நிற்பது அவருக்கு நன்றாகத் தெரிந்த விஷயம். அவருடைய நாட்டு மைதானங்களிலும் இறந்த ஆட்டக்காரருக்கு அப்படித்தான் நிற்பார்களாம். அவர் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்போதுதான் நானும் கவனித்தேன். என் கணவர் மாலையை ஒரு மூலையில் கொழுவியிருந்தார். அது சரிந்து, இடது பக்கத்து முகத்தைச் சுற்றி மட்டும் தொங்கியது.

"அவனுக்கா?" என்று மெல்லக் கேட்டார்.

"ஓம்," என்றேன். ஆங்கிலத்தில் சொல்ல வேண்டும் என்றுகூடத் தோன்றவில்லை. அவருக்கு விளங்கிவிட்டது. அவர் அழுதார். ஒரு சத்தமும் இல்லை, கண்ணீரைத் துடைக்கவும் இல்லை. நானும் அழுதேன் என்பதைச் சொல்லாமல் விட்டால் பொய்யாகிவிடும்.

நிமிடம் முடிந்தது. அதற்குள் என் கணவர் தலைவரிடம் ஓடிப்போய்க் காதுக்குள் ஏதோ சொன்னார். தலைவர் கூடாரத்தைத் திரும்பிப் பார்த்தார், கிழவரைப் பார்த்தார், சிரித்தார். எனக்கு அந்தச் சிரிப்புத் தெரியும். என்ன முட்டாள்தனம் செய்தாலும் அதை ஒரு பகிடியாக்கித் தப்பிவிடுகிற சிரிப்பு. இனி ஒலிவாங்கியில் "ஆள் உயிரோடைதான் இருக்கிறாராம்!" என்று அறிவிப்பார். சனம் விழுந்து விழுந்து சிரிக்கும். பிறகு ஆங்கிலத்துக்கு மாறி, ஐயா, மன்னிக்க வேண்டும், நீங்கள் செத்துவிட்டதாக நினைத்துவிட்டோம் என்று கிழவரிடமே சொல்வார். அந்த மனிதருக்கு அறுபது வருஷம் கழித்துக் கிடைத்த அந்த ஒரு நிமிடத்தை ஒரு பகிடிக்காகப் பிடுங்கி எடுத்துவிடுவார்.

நான் மேடைக்கு எப்படிப் போனேன் என்று ஞாபகம் இல்லை. "அண்ணை, மைக்கைத் தாங்கோ," என்றேன்.

"பேந்து, தங்கச்சி..."

பேந்து என்ற சொல்லைக் கேட்டதும் எனக்குச் சுறுக்கென்று ஏறிவிட்டது. கையிலிருந்து பறித்தேன். என் கணவர் தலையில் கை வைத்துக்கொண்டு புல்லைப் பார்த்தார்.

"எல்லாரும் கேளுங்கோ," என்றேன். "நீங்கள் எழும்பி நிண்டது இந்தப் படத்திலை இடது பக்கம் நிக்கிற மனுசனுக்கு. அவர் செத்துக் கனகாலம். பக்கத்திலை நிக்கிறவர் உயிரோடை அந்தக் கூடாரத்துக்கை இருக்கிறார். இவருக்குக் கால் முறுகின அண்டைக்கு அவர் இவரின்ரை இடத்தையும் சேர்த்து ஓடினவர். இரண்டு பேருக்காக ஓடிக் களைச்சுப் போனவரை நித்திரை கொண்டவன் எண்டு பேப்பரிலை எழுதிப்போட்டாங்கள். அந்த மனுசன் அந்தப் பேரோடையே செத்துப்போச்சு. தோத்த கதை எதுக்கு எண்டு சிலபேர் கேக்கினம். தோத்த மனுசருக்கு எழும்பி நிக்கிறது எங்களுக்கு என்ன புதுசே? வருஷா வருஷம் நிக்கிறம். இவருக்கும் நிண்டதாலை ஒண்டும் குறைஞ்சு போகமாட்டம்."

சிரிப்பு வரவில்லை. ஒருவர் கை தட்டினார், பிறகு எல்லோரும் தட்டினார்கள். எதற்குத் தட்டுகிறோம் என்று பாதிப்பேருக்குத் தெரிந்திருக்கும். தலைவர் ஒலிவாங்கியை என்னிடமிருந்து திரும்ப வாங்கினார். "தங்கச்சி அழகாகச் சொன்னதுபோல, இந்தக் காரணத்துக்காகத்தான் நான் அகவணக்கத்தை அறிவித்தேன்," என்றார். அவரைப் பற்றி நான் வைத்திருந்த அபிப்பிராயத்தை அவர் ஒருநாளும் பொய்யாக்கியதில்லை.

நான் வெற்றியோடு கூடாரத்துக்குத் திரும்பினேன். கிழவர் என் கையைப் பிடித்து நன்றி சொன்னார். பிறகு தயங்கித் தயங்கிக் கேட்டார். "பெயரைச் சொன்னாயா? நான் கேட்டுக்கொண்டுதான் இருந்தேன். தவறவிட்டுவிட்டேன் போல."

அவர் தவறவிடவில்லை. தமிழ் தெரியாவிட்டாலும் பெயர் காதில் விழும்தானே. நான் கத்திய கத்தலில் எல்லாம் வந்தது, அது மட்டும் வரவில்லை. திரும்பிப் பார்த்தேன். தலைவர் ஒலிவாங்கியோடு இரண்டாம் பேச்சுக்குள் இறங்கிவிட்டார். கியூபெக்கில் தமிழரின் எதிர்காலம். அதற்கு ஒரு கரை இல்லை.

பேச்சு ஓய்ந்ததும் வழமைப்படி பிரதம விருந்தினர் ஆட்டக்காரர்களுக்குக் கைலாகு கொடுக்க வேண்டும். இரண்டு அணியும் வரிசையாக நின்றன. கிழவரால் அவ்வளவு தூரம் நடக்க ஏலாது, பெடியன்களை இங்கே கூப்பிடுவோம் என்று என் கணவர் சொன்னார். கிழவர் மறுத்துவிட்டார். நடைவண்டியைப் புல்லுக்குள் தள்ளிக்கொண்டு, மடங்காத காலை இழுத்துக்கொண்டு, தானே போனார். நான் பின்னால் போனேன்.

முதலாவது பெடியன் கையை நீட்டி, "போன்ஜூர்" என்று தன் பெயரைச் சொன்னான். கிழவர் அவன் கையைப் பிடித்துக்கொண்டு நண்பரின் பெயரைச் சொன்னார். முழுப்பெயர். பெடியன் தலையாட்டினான். கிழவர் கையை விடவில்லை. இன்னொருமுறை சொன்னார். பெடியன் அதைத் திருப்பிச் சொன்னான். அதன்பிறகுதான் விட்டார். அடுத்தவனிடம் போனார். அதே பெயர். அவனும் சொன்னான். வரிசை நீளத்துக்கும் அப்படியே போனார், மூச்சு வாங்கியது, நின்று நின்று போனார். சொல்லாத ஒருவனின் கையையும் அவர் விடவில்லை. கடைசிப் பெடியன் அவர் வாய் திறக்க முன்னமே சொல்லிவிட்டான்.

அவர்கள் எல்லோரும் அது கிழவரின் பெயர் என்றுதான் நினைத்தார்கள். வேறு எப்படி நினைப்பார்கள்? தலைவரும் அப்படித்தான் நினைத்தார். பிரதம விருந்தினரின் பெயரை அவர் அதுவரை கேட்டு வைத்திருக்கவே இல்லை. கிழவர் திரும்பி வந்து கதிரையில் இருந்த பிறகு, பொன்னாடையைக் கையில் எடுத்தபோதுதான் பெயர் தேவைப்பட்டது. பக்கத்தில் நின்ற ஆட்டக்காரப் பெடியனைக் கேட்டார். அவன் தெளிவாகச் சொன்னான்.

தலைவர் தொண்டையைச் செருமினார். நான்கு ஒலிபெருக்கியும் ஒரே நேரத்தில் அந்தப் பெயரைச் சொல்லின. மைதானம் முழுவதும் கேட்டது, தெருவுக்கும் கேட்டிருக்கும். பெயரைச் சொல்லி, மேடைக்கு வந்து எங்கள் மரியாதையை ஏற்றுக்கொள்ளுமாறு பணிவன்போடு அழைக்கிறோம் என்றார்.

என் கணவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். பிழை என்று அவருக்குத் தெரியும். திருத்துவது என் வேலை, கலியாணமான நாளிலிருந்து அதைத்தான் செய்து வருகிறேன். நான் வாயை மூடிக்கொண்டு நின்றேன்.

ஒலிபெருக்கி அந்தப் பெயரை இரண்டாம் தரம் கூப்பிட்டது. கிழவர் கோட்டை இழுத்துச் சரிசெய்துகொண்டு, எழுந்து போனார்.